கைதி வேடம்

திரை உயரப் பத்து நிமிடம் இருக்கையில், ஒப்பனையறைக் கதவின் உள்பக்கக் கைப்பிடி ஆஸ்பர்ட்டின் கையோடு வந்துவிட்டது. முப்பது வருடமாகச் சமையற்காரனாகவும் காவலாளியாகவும் தலைகாட்டியவருக்கு, லீட்ஸ் நகரில் இன்றுதான் முதல் கதாநாயக வேடம். சிறைக்கைதி.

"கதவைத் திறங்க! மாட்டிக்கிட்டேன்!"

"பிரமாதம் சார்! நேத்து ஒத்திகையைவிட உருக்கமா இருக்கு" என்றாள் வெளியே மேடை நிர்வாகி எடித்.

"ஐயோ, நடிப்பில்லம்மா! நெசமா!"

"இந்த வசனம் நாடகத்துல இல்லையே! சொந்தச் சரக்கெல்லாம் வேணாம் சார்."

காலடி ஓசை நகர்ந்தது. ஐந்து நிமிடத்தில் அவர் போகாவிட்டால் மாற்று நடிகர் மேடையேறிவிடுவார்.

ஆஸ்பர்ட் உதட்டைக் குவித்து நீளமாக விசிலடித்தார்.

எடித் ஓடிவந்து கதவைப் படாரென்று திறந்தாள். "அறிவிருக்கா சார்? மொதல்ல வெளிய வாங்க!"

ஒப்பனையறையில் விசிலடித்தால் நாடகம் நாசமாகும் என்பது அங்கே எல்லோருடைய நம்பிக்கை. அடித்தவரை உடனே வெளியேற்றுவதுதான் பரிகாரம்.