திருவிழா வேட்டு

பெரு நாட்டின் மானமும் உயிரும் மூன்று பூட்டுகளில் அடங்கியிருக்கின்றன என்பது தோன் எவாரிஸ்தோவின் தீர்மானமான கருத்து.

மூன்றுக்கும் சாவி ஒரே வளையத்தில், அவர் இடுப்பில் தொங்கியது.

மலைமேல் இருந்த அந்தச் சுரங்கத்தின் வெடிமருந்துக் கிடங்குக்கு அவர்தான் அதிகாரி.

"என்னைக் கேக்காம இங்கேருந்து ஒரு டைனமைட் குச்சி வெளியே போகாது, கேப்டன்!"

ராணுவக் கேப்டன் வெடிப்பெட்டியின் பலகைத் துண்டு ஒன்றை மேஜைமேல் போட்டார். நேற்று கீழே ஊரில் காவல் நிலையத்தைத் தகர்த்திருந்தார்கள் தீவிரவாதிகள். உள்ளே தூங்கிக்கொண்டிருந்த போலீஸ்காரர்களோடு சேர்த்து. பலகை அந்த இடிபாட்டில் கிடைத்தது. சுரங்கத்தின் முத்திரை பளிச்சென்று தெரிந்தது.

"அப்ப உங்களைக் கேட்டுட்டுத்தான் போயிருக்கு, இல்ல?"

தோன் எவாரிஸ்தோ இடுப்புச் சாவி வளையத்தைப் பொத்திக்கொண்டார்.

மே மாதச் சிலுவைத் திருநாளுக்கு வேட்டுச் சத்தம் இல்லாமல் மலையுச்சியில் நிற்கும் எந்த ஊர்ச் சிலுவையும் கீழே இறங்காது. டைனமைட் கொடுப்பவர்தான் அந்த ஊர்த் திருவிழாவுக்கு ஞானத்தகப்பன். தலையில் காகிதப்பூ தூவி, கையில் சோளக்கள் கொடுத்து, ஊதுகுழல்காரனை விட்டு வாசிக்கச் சொல்வார்கள். அவருக்கு ஏற்கெனவே ஆறேழு ஊர்.

இந்த வருஷம் புதிதாக ஒரு பையனும் பெண்ணும் வந்தார்கள். எந்த ஊர் என்று அவர் கேட்கவில்லை. மண்டியிட்டு, "ஞானத்தகப்பனாரே" என்றார்கள். அதுவே போதுமாக இருந்தது.

திருநாளன்று அவர்கள் போன திசையிலிருந்து ஒரு வேட்டுகூடக் கேட்கவில்லை. நனைத்துத் தொலைத்துவிட்டார்கள் என்று திட்டிக்கொண்டார்.

கிடங்குக்கு வெளியே அதன் காவலாளி இலாரியோ, கைகள் கட்டப்பட்டு, ஆலங்கட்டி மழையில் முழங்காலிட்டிருந்தான். அன்று தோன் எவாரிஸ்தோ சொன்னபடி அந்த இருவரின் கோவேறு கழுதையில் சுமையை ஏற்றியவன் அவன்தான். இப்போது அவன் எதுவும் சொல்கிற நிலையில் இல்லை. சிப்பாய்கள் வாயை உடைத்திருந்தார்கள்.

"இவனா?" என்றார் கேப்டன்.

ராணுவ லாரி உறுமிக்கொண்டு நின்றது. அதில் ஏறியவர் யாரும் இதுவரை வீடு திரும்பியதில்லை.

தோன் எவாரிஸ்தோ தொப்பியைக் கழற்றினார்.

"இவன்மேல எனக்கு ரொம்ப நாளாவே ஒரு சந்தேகம், கேப்டன்."

இலாரியோவை ஏற்றிக்கொண்டு லாரி போய்விட்டது.

அந்தப் பையனும் பெண்ணும் கேட்டது நாலே நாலு குச்சிதான். தன் கௌரவத்துக்கு அது போதாதென்று முழுப் பெட்டியாகக் கொடுத்தவர் தோன் எவாரிஸ்தோ.