பாதி லட்டு

மாப்பிள்ளையின் அப்பா இரண்டாவது லட்டைப் பாதி கடித்துக்கொண்டே அந்தக் கேள்வியைக் கேட்டார்.

“நீங்க வெள்ளைக்காரன் பட்டாளத்துல இருந்தப்ப ஜப்பானுக்குப் போயிருந்தீங்களாம்ல. எந்த ஊரு?”

எதிரே உட்கார்ந்திருந்த தேவசுந்தரம் சார் காப்பி டம்ளரைக் கீழே வைத்தார். பெண்ணின் அப்பா அவர்தான்.

நான் பக்கத்து வீடு. டம்ளர் கொடுக்கப் போனவள். அவர்கள் வீட்டில் எவர்சில்வர் டம்ளர் ஆறுதான், வேண்டியதோ ஒன்பது. கொடுத்த கையோடு திரும்பியிருக்கலாம்.

யார் திரும்புவார்கள்?

1974, மே மாதத்து ஞாயிற்றுக்கிழமை. முந்தின நாள்தான் ராஜஸ்தான் பாலைவனத்தில் நம் நாட்டு அணுகுண்டை வெடித்துப் பார்த்திருந்தார்கள். அதற்கும் சங்கரன்கோவிலுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்காதீர்கள். குண்டைத் தங்கள் கொல்லையிலேயே செய்து அனுப்பியது போல நடந்துகொண்டார்கள் எங்கள் தெருக்காரர்கள். டெய்லர் காசிராஜன், தீபாவளிக்கு வாங்கி மிச்சம் வைத்திருந்த வெடியை தெரு முக்கில் வைத்துக் கொளுத்தினான். அப்புறம் ஒரு வாளி லட்டோடு வீடு வீடாகப் புகுந்தான்.

இங்கேயும் புகுந்தான். கல்யாணப் பேச்சு நடக்கிற வீடு என்றெல்லாம் அவனுக்குக் கிடையாது.

“எடுங்க அண்ணாச்சி, நம்மளும் வெடிச்சிட்டோம்லா! இனி எவனும் வாலாட்ட மாட்டான்.”

மதுரையிலிருந்து வந்திருந்த மாப்பிள்ளை வீட்டார் ஒருவர் பாக்கியில்லாமல் எடுத்துக்கொண்டார்கள். மாப்பிள்ளையின் அப்பா இரண்டு எடுத்தார். பாவம், ரயில் ஸ்டிரைக். பஸ்ஸில் நின்றுகொண்டே வந்த பசி. வழியில் வாங்கிய பேப்பர் அவர் கக்கத்தில் இருந்தது. முதல் பக்கத்தில் நம் குண்டு, கொட்டை எழுத்தில். உள்பக்கத்தில், 1945-ல் ஜப்பானில் விழுந்த குண்டு, பொடி எழுத்தில்.

சார் மட்டும் லட்டு எடுக்கவில்லை. சர்க்கரை வியாதி என்றார். அவருக்குச் சர்க்கரையும் இல்லை, உப்பும் இல்லை. எனக்குத் தெரியாதா?

கதவிடுக்கில் அவர் மகள் சுந்தரபாய் நின்றாள். இருபத்து நாலு வயது. பள்ளிக்கூட டீச்சர். பெண்ணைப் பிடித்துப்போய், சேலையும் எடுத்தாகிவிட்டது. சர்ச்சில் மூன்று ஞாயிறு கல்யாண ஓலை வாசிப்பார்களே, அதற்கு நாள் குறிப்பது ஒன்றுதான் பாக்கி.

பொய் சொல்ல சாருக்கு எத்தனையோ ஊர் இருந்தது. டோக்கியோ என்றிருக்கலாம். இங்கிருந்து யார் போய்ப் பார்க்கப்போகிறார்கள்? அவர் மனைவி கிருபாபாய் கதவோரம் நின்று கண்ணாலேயே கெஞ்சினாள்.

“ஹிரோஷிமா,” என்றார் சார். “குண்டு விழுந்த மறு வருஷம். இடிஞ்சு கெடந்ததை அள்ளுத எடத்துல காவல் நின்னேன். அஞ்சு மாசம்.”

மெல்லுகிற சத்தம் நின்றது.

மாப்பிள்ளையின் அம்மா முந்தானையை எடுத்து மூக்கைப் பொத்திக்கொண்டாள். இருபத்தெட்டு வருஷத்துக்கு முந்தின காற்று இன்னும் அந்த ஹாலில் அடிக்கிறதாக்கும்!

“அந்த விஷம் ரத்தத்துலயே தங்குமாம்ல. பேப்பர்ல போட்டிருக்கான். நாளைக்குப் பேரப்பிள்ளை முழுசாப் பொறக்க வேணாமா?”

முந்தானைக்குக் கீழே உதட்டில் பூந்தி ஒட்டியிருந்தது.

சார் வாசல் பக்கம் பார்த்தார். காசிராஜன் அடுத்த வெடிக்குத் திரி கிள்ளிக்கொண்டிருந்தான்.

“அங்கனயும் பொண்ணுகளுக்குக் கல்யாணம் பேசும்போது இதைத்தாம்மா கேட்டாங்க,” என்றார்.

கலந்து பேசிவிட்டுக் கடுதாசி போடுகிறோம் என்றார்கள் மாப்பிள்ளை வீட்டார். போடுவார்கள்! மாப்பிள்ளை என்று ஒருவன் வந்திருந்தானே, அவன் தன் செருப்பைத் தேடுவதில் மும்முரமாக இருந்தான். அவன் அப்பா, கையிலிருந்த பாதி லட்டைக் கீழேயும் வைக்கவில்லை. வாயில் போட்டு, விழுங்கி, விரலையும் நக்கிவிட்டுத்தான் எழுந்தார்.



சுந்தரபாய் வந்து டம்ளர்களைப் பொறுக்கினாள். என்னுடைய மூன்றையும் தனியாகக் கழுவி, துடைத்து, என் கையில் கொடுத்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை.

இந்த ஜப்பான் சங்கதி தெருவில் யாருக்கும் தெரியாது. தெரிந்திருந்தால் காசிராஜன் இதற்குள் மைக் செட் கட்டி, சாரை மேடையேற்றி மாலை போட்டிருப்பான்.

வாசலில் மாப்பிள்ளையின் அத்தை நின்றிருந்தாள். மத்தியானம் பஸ்ஸை விட்டு இறங்கியதும், தண்ணீர் குடிக்கிற சாக்கில் என் வீட்டுக்கு வந்தவள். சம்பந்தம் பேச வருகிறவர்கள் பக்கத்து வீட்டில் நாலு வார்த்தை விசாரிப்பது எங்கும் உள்ளதுதான். எங்கள் தெருவில் அந்தப் பக்கத்து வீடு எப்போதும் என் வீடுதான்.

அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“நல்ல வேளை, காலாகாலத்துல சொன்னீங்கக்கா.”

பெருமைக்குத்தான் சொன்னேன். ஊரே குண்டுக்காக லட்டு தின்கிற நாளில், குண்டு விழுந்த மண்ணையே மிதித்த மனுஷன் உங்களுக்குச் சம்பந்தியாகிறார் என்று. என்றைக்கோ காய்ச்சலில் கிடந்தபோது கிருபாபாய், யாரிடமும் மூச்சு விடக்கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டு சொன்னது.

அத்தைக்காரியிடம் அதை விளக்கத்தான் வாயைத் திறந்தேன். அவள் முந்திக்கொண்டாள்.

“இந்தத் தெருவுல வேற நல்ல பொண்ணு இருந்தா சொல்லுங்கக்கா.”

“சொல்லுதேன்,” என்றேன்.