மீதி நோன்புகள்

"ரமலான் முடிஞ்சு ஒரு மாசமாச்சு. இன்னும் எதுக்குங்க நோன்பு?" என்று போன வாரம் நோராய்னி கேட்டாள்.

"காய்ச்சல்ல ஒம்பது நாள் விட்டுட்டேன்ல? போறதுக்குள்ள வச்சு முடிக்கணும்," என்றான் கண்ணாடிக்கு அப்பால் இருந்த அவள் கணவன் ரொஸ்லான்.

"வீட்டுல ஒரு நோன்புக்கே ஒம்பது தடவை கடிகாரத்தைப் பார்ப்பீங்க!"

அன்று இருவரும் சிரித்தார்கள்.

இன்று புதன்கிழமை. அவன் உதடுகள் வறண்டிருந்தன.

"வெள்ளிக்கிழமை யாரு வர்றா?"

"அண்ணன் கிளந்தான்ல இருந்து வேனோட வர்றார். வீட்டையெல்லாம் கழுவியாச்சு."

"புதுத் துணி?"

"வாங்கியாச்சு. வெள்ளைதான்."

சிறை அதிகாரி ஒரு தாளை அவள் பக்கம் நீட்டினார். "கையெழுத்துப் போடும்மா. வெள்ளி விடியக்காலை தூக்கு. ஒம்பது மணிக்கு உடம்பைக் குடுத்துடுவோம்."

அவள் பேனாவை எடுத்தாள்.

ரொஸ்லான் கண்ணாடியில் உள்ளங்கையை வைத்தான்.

"நோரா, ஒரு வாரமா கேக்கணும்னு நினைக்கிறேன், வாய் வரல. இன்னிக்கோட ஆறு. நாளைக்கு ஏழு. மீதி ரெண்டையும் எனக்காக நீ வச்சிடுறியா?"