பேணாட் வென்ற வழக்கு

வழக்கு எண்ணைக் கூப்பிட்டதும் பேணாட் எழுந்து நின்றார். இன்னும் எழும்பத் தேவையில்லை என்று பொலிஸ்காரர் கையைக் காட்டினார். உட்கார்ந்தார்.

ஆறு வருட வழக்கு. அவருடைய ஊர்க் கரையில் அரசாங்கம் கட்டவிருந்த படகு இறங்குதுறையை நிறுத்தச் சொல்லி அவர்தான் போட்டிருந்தார். அது வந்தால் கரைவலை இழுக்க இடமிராது என்பது அவர் வாதம்.

நீதிமன்றத்தில் இருபத்து மூன்று தவணைகள். ஒன்றுக்கும் அவர் பிந்தியதில்லை. எந்த மண்டபத்துக்குப் போவதென்று புதிய சட்டத்தரணிகள் அவரிடம்தான் கேட்பார்கள். வாசலில் தேநீர் விற்பவர் அவரை “நீதவான்” என்று கூப்பிடத் தொடங்கியிருந்தார்.

இன்று பிந்தியது அவருடைய சட்டத்தரணி கீர்த்தனி. இன்னொரு நீதிமன்றத்திலிருந்து ஓடி வந்து, மூச்சு வாங்கியபடி கோப்புகளை விரித்தார்.

பேணாட் பின்னாலிருந்து குனிந்தார். “பிள்ளை, ஒரு சின்னக் கதை இருக்கு.”

“பிறகு கதைப்பம் அங்கிள்.”

அரச சட்டத்தரணி எழுந்து ஒரு தாளை வாசித்தார். நிதி இல்லாததால் இறங்குதுறைத் திட்டம் முற்றாகக் கைவிடப்பட்டுவிட்டது. ஆகவே இந்த வழக்கில் தீர்மானிக்க இனி எதுவும் இல்லை.

பேணாட் எட்டிக் கீர்த்தனியின் கறுப்பு அங்கியைத் தொட்டார். “பிள்ளை...”

“வெண்டிட்டம் அங்கிள். பேசாம இருங்கோ.”

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். இத்தனை தவணைக்கும் தவறாமல் வந்த மனிதரிடம் ஒரு வார்த்தை கேட்காமல் வழக்கை முடிக்க அவருக்கு மனம் வரவில்லை போலும். ஏதாவது சொல்ல இருக்கிறதா என்று கேட்டார்.

பேணாட் முன் வாங்குப் பலகையைப் பிடித்துக்கொண்டு எழுந்தார்.

“ஐயா, அப்ப ஒருநாளும் கட்டமாட்டினமோ?”

மண்டபமே சிரித்தது. நீதிபதியும்தான்.

“கட்டமாட்டார்கள். நிம்மதியாக வீட்டுக்குப் போங்கள்.”

முழுவதும் நான்கு நிமிடம்.

பஸ்ஸில் கடல் பக்கத்து யன்னல் ஆசனம் கிடைத்தது. பேணாட் சீனன்குடா தாண்டியும் மறுபக்கமே பார்த்தபடி வந்தார்.

கீர்த்தனியின் தொலைபேசி அழைப்பு அவருக்கு முன்னரே ஊருக்கு வந்துவிட்டது. சந்தியில் இறங்கியதும் வெடி கொளுத்தினார்கள். மீனவர் சங்கத் தலைவர் ஜனுஷன் ஒரு பெரிய மாலையைப் போட்டு, தனியாளாக நின்று அரசாங்கத்தையே மடக்கிய மனிதர் என்று பேசினார். பேணாட் பதில் சொல்ல வாயெடுத்தார். கைதட்டினார்கள். மறுபடி வாயெடுத்தார். இன்னும் பலமாகக் கைதட்டினார்கள். பிறகு ஜனுஷன் கொடுத்த சோடாவைக் குடித்தார்.

ஊரே அவரை வீடுவரை கொண்டுவந்து விட்டது. விட்ட பிறகும் படலைக்கு வெளியே கலையாமல் நின்றது.

உள்ளே அவருடைய மருமகன் காலில் கட்டோடு கட்டிலில் கிடந்தான். போன மாரியில், கடல் கொந்தளித்த ஒரு காலையில், படகைக் கட்ட இடமில்லாமல் அவன் கரையோரமாகவே அரை மணித்தியாலம் சுற்றினான். கடைசியில் படகு பாறையில் அடித்துப் பிளந்தது. அவனைக் கயிறு போட்டு இழுத்தவர்களில் பேணாட்டும் ஒருவர்.

மனைவி அருள்மலர் அவரையும் மாலையையும் மாறி மாறிப் பார்த்தாள்.

“இறங்குதுறை ஒண்டு இருந்திருந்தா இவனுக்கு இப்பிடி வந்திராது, இண்டைக்கு வழக்கை வாபஸ் வாங்கிட்டு வாறன் எண்டு சொல்லிட்டுத்தானே போனீங்கள்?”

வெளியே இன்னொரு கட்டு வெடி படபடத்தது. பேணாட் அது ஓயும்வரை காத்திருந்தார்.

“மெல்லமாக் கதை” என்றார். “ஆக்கள் நிக்கினம்.”