காலிதீன் பொய் சொல்லவில்லை

குளத்தடி வயல்களில் ஒன்றைக் காட்டி யாருடையதென்று துப்பாக்கியோடு வருகிறவர்கள் கேட்டால், "என்டதில்ல" என்று சொல்லிவிட வேண்டும் என்பது நிந்தவூரில் எல்லோரும் பேசாமலே காத்துவந்த விதி. "என்டதுதான்" என்று தன் வயலைச் சொன்ன மக்கீன் இன்னும் வீடு திரும்பவில்லை.

காலிதீன் அங்கே ஒரு வயலில் விதைத்துக்கொண்டிருந்தபோது வரம்போரம் துப்பாக்கிக்காரர்களோடு ஒரு ஜீப் வந்து நின்றது.

"ஆர்ர காணி இது?" என்றார் அதிகாரி.

"என்டதில்ல, ஐயா."

"அப்ப ஏன் விதைக்கிறாய்?"

"பாடுபடுறது மட்டுந்தான் நான்."

"சத்தியமா?"

"அல்லாஹ் மேல சத்தியமா, என்டதில்ல."

அதிகாரி சிரித்தார். "அப்ப ஆளில்லாத காணி. வேலியப் போடுங்க!"

சோறு கொண்டுவந்திருந்த மனைவி சுபைறாவிடம், பேசாதே என்று காலிதீன் கண்ணாலேயே கெஞ்சினான். அவளோ அவனைத் தாண்டிவந்து ஜீப்பின் முன்னே நின்றாள்.

"இவர் சொன்னது உண்மதான், ஐயா. எங்கட ஊருல காணி உம்மாக்குப் பிறகு மகளுக்குத்தான். இது என்ட சீதனம். என்ட காணி!"