வேல்மயில் நினைவுச் சுழற்கோப்பை

பொன்னாடை கழுத்தில் குத்தியது. அவள் அதை எடுக்கவில்லை.

மைதானம் முழுக்க ரசாயன ஆலையின் பெயர். பனியன்களில், தண்ணீர்ப் பந்தலில், நடுவரின் தொப்பியில்கூட.

மேடைக்குப் பின்னால் பெரிய பேனரில் வேல்மயில் சிரித்துக்கொண்டிருந்தான். அவள் புருஷன். அது கல்யாணப் படம். பக்கத்தில் நின்ற அவளை வெட்டிவிட்டார்கள்.

ஆலைத் தொட்டியைக் கழுவ இறங்கியவன் மேலே வரவில்லை. விஷவாயு.

கேஸ் போட்டாள். அப்படியொரு ஆளே எங்களிடம் வேலை பார்க்கவில்லை என்று ஆலையின் வக்கீல் கோர்ட்டில் சாதித்தார். நாக்கூசாமல் சாதித்தார். மறுத்துக் காட்ட அவளிடம் ஒரு துண்டுச் சீட்டு இல்லை.

ஊர் கொதித்தது.

ஆலை கபடிப் போட்டி அறிவித்தது.

ஊர் கைதட்டப் போய்விட்டது.

பரிசு கொடுக்க அவளையும் கூப்பிட்டார்கள். வரமாட்டேன் என்றுதான் சொன்னாள். அவன் பேரில் கோப்பை, நீ வராவிட்டால் எப்படி என்று சொந்தக்காரர்கள் பிடித்துத் தள்ளாத குறையாக அனுப்பிவைத்தார்கள்.

இறுதி ஆட்டம் முடிந்தது. மைக் பிடித்தவர் குரலை உருக்கினார்.

"எங்கள் ஆலையின் உண்மை ஊழியர், அமரர் வேல்மயில் நினைவுச் சுழற்கோப்பை!"

அவள் நிமிர்ந்தாள்.

ஊழியர்.

கோப்பையை அவள் கையில் கொடுத்தார்கள். கனத்தது. அடியில் பித்தளைத் தகடு. அதிலும் அதே வரி, ஆலையின் முத்திரையோடு. எழுத்துக்கூட்டிப் படித்தாள். ஒரு தடவைக்கு இரண்டு தடவை படித்தாள்.

ஜெயித்த அணியின் கேப்டன் கை நீட்டினான்.

அவள் கோப்பையைக் குடம் மாதிரி இடுப்பில் இடுக்கிக்கொண்டாள்.

மேனேஜர் சிரித்த முகம் மாறாமல் குனிந்தார். "குடுத்துருங்கம்மா. போட்டோ எடுக்கணும்."

"எடுங்க. எழுத்து தெரியிற மாதிரி எடுங்க. கோர்ட்டுல காட்டணும்."

மேனேஜர் அப்போதுதான் தகட்டைப் படித்தார். மைக்கை நிறுத்தச் சொல்லிக் கையை ஆட்டினார். சத்தம் பத்தவில்லை போல என்று நினைத்துக்கொண்ட மைக் பிடித்தவர், அடித்தொண்டையிலிருந்து மறுபடி ஆரம்பித்தார்.

எங்கள் ஆலையின் உண்மை ஊழியர்.

கூட்டம் விசிலடித்தது.

கேப்டன் நீட்டிய கையை இறக்கிவிட்டான். அவனுக்கும் அந்த ஆலையில்தான் வேலை. அவன் பெயரும் அங்கே எதிலும் எழுதியிருக்காது.