மரம், ஒன்று

இந்த முறை ஓய்வு ஓடைக்கரைத் தெருவுக்கு. பத்து வருடம் வீடுகளைச் சுமந்த மண், மூன்று மழைக்காலம் சும்மா கிடக்க வேண்டும். பூங்காவனத்தின் வீட்டை மடித்து லாரியில் ஏற்றிவிட்டார்கள்.

"காலிங் பெல்லை மட்டும் இங்கயே விட்டுட்டுப் போறேம்மா. எவ்வளவு தூரத்துல இருந்தாலும் அதுல பேசலாம், கேக்கலாம்," என்றாள் அவள், நில அலுவலர் மெர்லினிடம். "கோவிச்சிக்கிட்டுப் போன பையன். அவனுக்கு இந்த அட்ரஸ்தான் தெரியும்."

"கம்பம் எதுவும் நிக்கக் கூடாதும்மா. மரம்னா பரவாயில்ல."

பூங்காவனம் ஒரு முருங்கைப் போத்தை ஒடித்து நட்டு, அதில் பெல்லைக் கட்டினாள். மெர்லின் சிரிக்காமல் குறித்துக்கொண்டாள்: மரம், ஒன்று.

மழையில் போத்து துளிர்த்தது. இடுப்பளவு புல் வளர்ந்து, தெரு நடுவே ஆள்காட்டிக் குருவிகள் முட்டையிட்டன. மைனா கொத்தினாலும் கிளை உரசினாலும், நகரின் மறுகோடியில் பூங்காவனத்தின் சமையலறையில் மணி அடிக்கும். ஒவ்வொரு முறையும் "யாரு?" என்று கேட்பாள். பதிலுக்குப் புல் சலசலக்கும்.

மூன்றாம் மழைக்காலத்தில் ஒரு மத்தியானம் மணி அடித்தது. வெங்காயம் நறுக்கிக்கொண்டே கேட்டாள், "யாரு?"

வழக்கம்போல் புல் சலசலத்தது; அவள் அடுத்த வெங்காயத்தை எடுத்தாள்.

"அம்மா... வீடெங்க? நீ மரத்துக்குள்ளயா இருக்க?"